மோட்டாருக்கும் சர்க்யூட் போர்டுக்கும் எந்த மாற்றுக் கெபாசிட்டர்?

சீலிங் ஃபேனின் பழைய கெபாசிட்டரில் 2.5 மைக்ரோஃபாரட் (கொள்ளளவின் அலகு) என்று அச்சிட்டிருக்க, கடைக்காரர் 3.15-ஐ எடுத்துக் கொடுத்து, "இதைப் போட்டுக்கோங்க, காத்து நல்லா வரும்" என்பது வழக்கமாக நடப்பதுதான். அவர் சொல்வது முழுப் பொய்யன்று; ஃபேன் சற்று வேகமாகவே சுற்றும். ஆனால் கெபாசிட்டரோடு இணைந்த துணைச் சுருளில் ஓடும் மின்னோட்டமும் கூடுவதால் அது தாங்கக்கூடிய அளவுக்கு மேல் சூடாகிறது. சுருளைப் புதிதாகக் கட்டும் கூலியைக் கணக்கிட்டால் அந்தக் கூடுதல் காற்று மிகவும் விலை உயர்ந்தது. ஃபேன் மெதுவானதற்கே பெரும்பாலும் பழைய கெபாசிட்டர் அளவு குறைந்துபோனதுதான் காரணம். அதன் பாலிப்ரொப்பிலீன் படலத்தில் நுண்துளை விழும்போதெல்லாம் அவ்விடத்து உலோகப் பூச்சு ஆவியாகிப் பழுது தானே அடைபடுகிறது. ஒவ்வொரு முறையும் கொள்ளளவு சிறிது கரைகிறது. மீட்டரில் அளந்து பார்த்து, குறைந்திருந்தால் புதிய 2.5-ஐயே போட்டால் பழைய வேகம் திரும்பிவிடும்.

வோல்டேஜ் விஷயத்தில் கூடுதலாக இருப்பதால் கெடுதல் இல்லை. குறைவாக இருக்கக் கூடாது. வீட்டு மின்சாரம் 230 வோல்ட்தானே என்று 250 வோல்ட் கெபாசிட்டரைப் பொருத்துவது தவறு, ஏனெனில் ஓடும் மோட்டாரில் கெபாசிட்டரின் முனைகளுக்கிடையே சப்ளையைவிட அதிக மின்னழுத்தம் நிற்கும். 440 வோல்ட் ஏசி என்று அச்சிடுவது அதற்காகத்தான்.

போர்வெல் மோட்டாரின் பேனலில் இரண்டு கெபாசிட்டர்கள் இருக்கும்; இங்கேதான் குழப்பம் அதிகம். ஸ்டார்ட் கெபாசிட்டர் 120–150 மைக்ரோஃபாரட் போன்ற பெரிய அளவுடையது, ஆனால் சில நொடிகள் மட்டுமே மின்சாரம் தாங்கும்; ரன் கெபாசிட்டர் 36 போன்ற சிறிய அளவுடையது, மோட்டார் ஓடும் நேரமெல்லாம் இணைப்பிலேயே இருக்கும். முன்னதை ரன் இடத்தில் வைத்தால் சூடேறி வெடிக்கும். பின்னதை ஸ்டார்ட் இடத்தில் வைத்தால் மோட்டார் உறுமிக்கொண்டு நிற்கும். ரன் கெபாசிட்டரின் தரத்தை அறிய ஐ.இ.சி. 60252-1 என்ற சர்வதேசத் தர விதியின் ஆயுள் வகைப்பாடு உதவும்: ஏ வகைக்கு 30,000 மணி நேரம், பி வகைக்கு 10,000, சி வகைக்கு 3,000, டி வகைக்கு 1,000. நாளுக்கு 2 மணி நேரம் ஓடும் பம்புக்கு சி வகையே 1,500 நாள் கணக்கு. இரவு பகலாகச் சுற்றும் ஃபேனுக்கு அதே 3,000 மணி நேரம் 125 நாளில் தீர்ந்துவிடும், ஆகவே அதற்கு பி வகைக்குக் கீழே இறங்குவதை நான் ஏற்கமாட்டேன்.

சர்க்யூட் போர்டில் தேர்வின் வரிசை தலைகீழாகிறது. பவர் சப்ளையின் வடிகட்டியாக நிற்கும் எலக்ட்ரோலிட்டிக் கெபாசிட்டரின் கொள்ளளவே 20 சதவீதம் கூடக் குறைய இருக்கலாம் என்பதால், 1000-க்கு 1200 போடுவதில் பிழை இல்லை. நேரம் கணக்கிடும் சர்க்யூட்டுக்கு மட்டும் இந்தச் சலுகை கிடையாது. வடிகட்டிக் கெபாசிட்டரில் வெப்பநிலையும் உள்தடையுமே முடிவு செய்கின்றன. வெப்பம் 10 டிகிரி குறைந்தால் ஆயுள் ஏறத்தாழ இரட்டிக்கும்: 105 டிகிரியில் 2,000 மணி நேரம் என்று குறித்தது 65 டிகிரியில் 32,000 வரை எட்டும், அதே 2,000 மணி நேரம் குறித்த 85 டிகிரி வகைக்கு அது ஏறக்குறைய 8,000 மட்டுமே. சில ரூபாய் மிச்சம்பிடிக்க 85-ஐ வாங்குவதில் பொருளில்லை. எஸ்எம்பிஎஸ்ஸின் (அதிவேகமாக ஆன்-ஆஃப் ஆகி இயங்கும் பவர் சப்ளை) வெளியீட்டுப் பக்கத்தில் 'லோ ஈஎஸ்ஆர்', அதாவது உள்தடை குறைந்த வகையே வேண்டும். சாதாரண வகை அங்கு தன்னைத்தானே சூடாக்கிக்கொண்டு மேற்பகுதி உப்பிவிடும். 16 வோல்ட்டுக்கு 25 போடலாம், உயரமும் கால்களின் இடைவெளியும் இடங்கொடுத்தால்.

மின் நுழைவாயிலில் இரண்டு மின்கம்பிகளுக்கிடையே நிற்கும் எக்ஸ்2, மின்கம்பிக்கும் கருவியின் உடலுக்கும் இடையே நிற்கும் ஒய்2 ஆகிய பாதுகாப்புக் கெபாசிட்டர்களுக்கு மட்டும் இந்தத் தாராளம் எதுவும் செல்லாது. 630 வோல்ட் டிசி என்று எழுதிய சாதாரணப் படலக் கெபாசிட்டர் அளவில் பெரிதாகத் தெரிந்தாலும், எக்ஸ்2 வகைக்குரிய மின்னழுத்த எழுச்சிச் சோதனையும் தீப்பற்றாமைச் சோதனையும் அதற்கு நடந்திருக்காது. ஒய்2 ஷார்ட் ஆனாலோ கருவியின் உலோக உடலிலேயே மின்சாரம் பாயும்.