வாசலோடு திரும்பிய வண்டியும் உள்ளே வந்த வண்டியும்: குடும்ப வன்முறை அழைப்புக்குக் காவல்துறை வந்த இரண்டு முறைகள்

பக்கத்து வீட்டில் அடி விழும் சத்தம் கேட்டு, ஆறு மாத இடைவெளியில் இரண்டு முறை காவல்துறையின் அவசர எண்ணை அழைத்தேன். முதல் முறை ரோந்து வண்டி 12 நிமிடங்களில் வந்தது. இரண்டாம் முறை 20 நிமிடங்களுக்கு மேல் ஆனது. வேகத்தைப் பார்த்தால் முதல் வருகைதான் சிறந்த சேவை. ஆனால் அந்தப் பெண்ணுக்கு உதவியது தாமதமாக வந்த வண்டிதான்.

முதல் முறை வந்த காவலர்கள் இருவரும் வாசற்படியைத் தாண்டவில்லை. கதவைத் திறந்தவர் கணவர். அவருடைய தோளுக்குப் பின்னால், கதவு நிலையை ஒரு கையால் பிடித்தபடி அந்தப் பெண் நின்றிருந்தார். "என்னம்மா, ஏதாவது பிரச்சினையா?" என்று கணவரின் தலைக்கு மேலாகக் கேட்டார்கள். "ஒன்றுமில்லை சார்" என்றார். அடித்தவரைப் பக்கத்தில் நிறுத்தி வைத்துக்கொண்டு கேட்டால் வேறு எந்தப் பதில் வரும்? "குடும்பம் என்றால் நாலும் இருக்கும், பேசித் தீர்த்துக்கொள்ளுங்கள்" என்று அறிவுரை சொல்லிவிட்டுக் கிளம்பினார்கள். போகிற போக்கில், பக்கத்து வீட்டிலிருந்துதான் அழைப்பு வந்தது என்று கணவரிடமே சொல்லிவிட்டார்கள். அன்றிலிருந்து அந்தப் பெண் என்னிடம் பேசுவதையே நிறுத்திவிட்டார். அவரை நிறுத்த வைத்தார்கள் என்பதைப் பிறகுதான் தெரிந்துகொண்டேன். அழைத்தவர் யார் என்பதை வெளியிடுவது சின்னத் தவறு போலத் தோன்றலாம். ஆனால் அந்த வீட்டுக்கு வெளியே அவருக்கிருந்த ஒரே துணையும் அதனால் அறுந்துபோனது.

இரண்டாம் முறை வந்தவர்களில் ஒருவர் பெண் உதவி ஆய்வாளர். உள்ளே நுழைந்ததும் உடன் வந்த காவலர் கணவரை மாடிப்படிப் பக்கம் அழைத்துச் சென்றார். உதவி ஆய்வாளர் அந்தப் பெண்ணைச் சமையலறைக்குள் அழைத்துப்போய்க் கதவைச் சாத்தினார். அங்கே கேட்கப்பட்டவற்றை அந்தப் பெண் பின்னால் என்னிடம் சொன்னார். "சண்டை எதனால் வந்தது?" என்று உதவி ஆய்வாளர் தொடங்கவே இல்லை. கழுத்தைப் பிடித்தாரா, எச்சில் விழுங்கும்போது வலிக்கிறதா, குரல் எப்போதும் இப்படித்தான் கரகரப்பாக இருக்குமா, கொன்றுவிடுவேன் என்று சொல்லியிருக்கிறாரா, குழந்தைகள் இப்போது எங்கே என்று ஒவ்வொன்றாகக் கேட்டு, பதில் வரும் வரை காத்திருந்திருக்கிறார்.

கழுத்தைப் பற்றிய அந்தக் கேள்விக்காகவே இந்தச் சேவையை நான் உயர்வாக மதிப்பிடுகிறேன். கழுத்து நெரிக்கப்பட்டவருக்குப் பல நேரங்களில் தோலில் எந்த அடையாளமும் தெரியாது. உள்ளே வீக்கம் பல மணி நேரம் கழித்து வரலாம், கழுத்து ரத்தக்குழாய் கிழிந்து சில நாட்களுக்குப் பிறகு பக்கவாதமும் வரலாம். துணைவரால் ஒருமுறை கழுத்து நெரிக்கப்பட்ட பெண், பின்னர் அவராலேயே கொல்லப்படும் ஆபத்து ஏறத்தாழ ஏழு மடங்கு கூடுகிறது என்பதை 2008இல் வெளியான அமெரிக்க ஆய்வொன்று காட்டியது. காயம் தெரிகிறதா என்று முகத்தைப் பார்த்துவிட்டுத் திரும்புபவர்களுக்கு இது தென்படவே போவதில்லை. அந்தப் பெண்ணை அன்றிரவே மருத்துவமனைக்கு அனுப்பினார்கள்.

இதைக் கேட்டவர்கள் எல்லாரும் என்னிடம் கேட்டது, "கைது செய்தார்களா?" என்பதுதான். செய்தார்கள். ஆனால் கைது ஒன்றையே அளவுகோலாக வைப்பதில் எனக்கு உடன்பாடில்லை. 1981-82இல் அமெரிக்காவின் மினியாபொலிஸ் நகரில் நடந்த சோதனையில், கைது செய்யப்பட்டவர்கள் அடுத்த ஆறு மாதங்களில் மீண்டும் அடிப்பது குறைந்தது. அதை நம்பிப் பல ஊர்களில் கைது கட்டாயமாக்கப்பட்டது. பிற நகரங்களில் அதே சோதனையைத் திரும்பச் செய்தபோது முடிவுகள் ஒத்துவரவில்லை. மில்வாக்கியில், வேலையில் இருந்தவர்களைக் கைது கட்டுப்படுத்தியது. வேலையில்லாதவர்களிடமோ வன்முறை கூடியது. ஆகவே, கைதானவர் விடுதலையாகி வீடு திரும்பும் நாளில் என்ன நடக்கும் என்பதற்கும் காவல்துறையிடம் ஏற்பாடு இருந்தாக வேண்டும்.

அந்த ஏற்பாடு இங்கே பாதிதான் இருந்தது. தனியாகப் பேச எந்த நேரம் வசதி என்று கேட்டுக் குறித்துக்கொண்ட உதவி ஆய்வாளர், நான்காம் நாள் சொன்னபடி காலை 11 மணிக்கு அழைத்து, பாதுகாப்பு உத்தரவு கேட்டு விண்ணப்பிக்கும் வழியை விளக்கியிருக்கிறார். ஆனால் கணவர் வெளியே வந்த தகவலைக் காவல் நிலையத்திலிருந்து எவரும் சொல்லவில்லை. உறவினர் ஒருவர் மூலம் தற்செயலாகத் தெரிந்து, அந்தப் பெண் குழந்தைகளுடன் அக்கா வீட்டுக்குப் போய்விட்டார்.

இன்னொரு குறையும் உண்டு. ஆறு மாதங்களுக்கு முன்பு இதே வீட்டுக்கு ஒரு வண்டி வந்து திரும்பியது இரண்டாம் வண்டியில் வந்தவர்களுக்குத் தெரியாது. கட்டுப்பாட்டு அறை அதைச் சொல்லியிருக்கவில்லை. படிக்கட்டில் நின்று நான்தான் சொன்னேன். உதவி ஆய்வாளர் அந்தத் தேதியைக் கேட்டு எழுதிக்கொண்டார். கூடவே, என் பெயர் அந்த வீட்டுக்குப் போகாது என்றும் சொன்னார், இதுவரை போகவில்லை.