நஷ்டஈடு கேஸுக்கு போன வக்கீல் ஆபீஸ்: தேதி விஷயத்துல கண்ண மூடிட்டு நம்பலாம்

பக்கத்து மனைல அஸ்திவாரம் தோண்டினதுல எங்க காம்பவுண்டு சுவர் சாய்ஞ்சு, அத ஒட்டின ரூமும் விரிசல் விட்டுருச்சு. அதுக்கு நஷ்டஈடு கேட்டு போட்ட கேஸ்ல கடைசி வரைக்கும் கூட நின்ன வக்கீல் ஆபீஸ் பத்திதான் இந்த ரிவியூ. பேர் போடல, வேலை எப்படின்னு மட்டும் சொல்றேன்.

மொதல்ல வேற ஒரு வக்கீல்கிட்டதான் போனோம். அவரு "பேசிப் பாப்போம், என்ன அவசரம்"னு ரெண்டு நோட்டீஸ் விட்டதோட சரி. எதிர்பார்ட்டியும் பாக்கும்போதெல்லாம் "செஞ்சு குடுத்துர்றேன் அண்ணே"ன்னு வாயால சொல்லிட்டே இருந்தாரு, அதான் ஒத்துக்கிட்டாரே, டைம் எங்க போகப்போகுதுன்னு நானும் இருந்துட்டேன். அப்பறம் இந்த ஆபீஸ்ல கேஸ் கட்ட குடுத்ததும் வக்கீல் மேடம் கேட்ட மொத கேள்வியே "விரிசல் எந்த தேதி விட்டுச்சு?" போட்டோவ பாத்து எண்ணினாங்க, கேஸ் போடறதுக்கான 3 வருஷ டைம் முடிய 19 நாள்தான் பாக்கி.

அன்னைக்குதான் எனக்கு விஷயமே தெரிஞ்சுது. 1963 லிமிட்டேஷன் சட்டப்படி டைம் தாண்டி பிராது (கேஸ் ஆரம்பிக்கற மனு) போட்டா, எதிர்த்தரப்பு வாயே தெறக்கலன்னாலும் கோர்ட்டே தள்ளுபடி பண்ணணும், அது 3வது பிரிவு. லேட்டுக்கு காரணம் சொல்லி மன்னிப்பு கேக்கற 5வது பிரிவு அப்பீலுக்கும் மனுவுக்கும்தான், பிராதுக்கு கெடையாது. வாயால சொன்ன வாக்க வெச்சு ஒரு நாள் கூட டைம் நீளாது. அதுலயும் எல்லா நஷ்டஈடுக்கும் 3 வருஷம்னு நெனச்சிராதீங்க, அவதூறுக்கு நஷ்டஈடு கேக்கணும்னா 1 வருஷம்தான். பதினோராவது நாள் பிராது நம்பர் ஆகிருச்சு.

முன்சீப் கோர்ட்ல தோத்தோம். வாதம் முடிஞ்சு நாலு மாசம் கழிச்சு தீர்ப்பு வந்துச்சு, சிவில் நடைமுறைச் சட்டத்துல 30 நாள், ரொம்ப தவிர்க்க முடியலன்னா 60 நாள்னுதான் இருக்கு. பதினாலு பக்கத்துல பன்னெண்டு பக்கம் நாங்க சொன்னதும் அவங்க சொன்னதும், கடைசில "சாட்சியங்களையும் ஆவணங்களையும் பரிசீலித்ததில் வாதி தன் வழக்கை நிரூபிக்கவில்லை"ன்னு ஒரே வரி. எனக்கு அழுகையே வந்துருச்சு, தோத்ததுக்கு இல்ல, எதனால தோத்தேன்னே அதுல இல்ல. கோர்ட் அனுப்பின கமிஷனர் வந்து டேப் புடிச்சு அளந்து குடுத்த ரிப்போர்ட் பத்தி ஒரு வார்த்தை கூட இல்ல.

மேடம் அந்த நகல எடுத்து இஸ்யூ, அதாவது கோர்ட் முடிவு சொல்ல வேண்டிய எழுவினா, ஒவ்வொண்ணுக்கும் நேரா பென்சில்ல டிக் போட்டாங்க. மூணாவது இஸ்யூ, தோண்டினதாலதான் சேதமாச்சாங்கறது, அதுக்கு நேரா டிக் போட எடமே இல்ல. "கேஸ் சுருக்கம், எழுவினாக்கள், அதுக்கு முடிவு, முடிவுக்கு காரணம், இந்த நாலும் இருக்கணும், இதுல நாலாவது இல்ல"ன்னாங்க. அது சிவில் நடைமுறைச் சட்டத்துல ஆர்டர் 20 ரூல் 4. சின்ன வழக்கு கோர்ட்டுக்கு மட்டும்தான் காரணம் எழுதாம விடலாம். அப்பீலோட மெயின் பாயிண்டே அதுதான். தீர்ப்பு சொன்ன மறுநாளே நகல் மனு போட்டுட்டாங்க, நகலுக்கு காத்திருந்த நாள் அப்பீலோட 30 நாள் கணக்குல வராதுன்னாலும் லேட் பண்ணல. அப்பீல கேட்ட சப் கோர்ட், கேஸ முன்சீப் கோர்ட்டுக்கே திருப்பி அனுப்பாம, ஏற்கனவே இருந்த சாட்சியத்த வெச்சே முடிச்சுது, கமிஷனர் அளவு எந்த சாட்சியோட ஒத்துப்போகுது, சுவருக்கு எவ்ளோ, வாடகை நஷ்டத்த ஏன் பாதியா கொறைச்சோம், எல்லாத்துக்கும் காரணம் இருந்துச்சு. பாதி கொறைஞ்சது கூட மனசுக்கு உறுத்தல, ஏன்னு படிச்சா புரிஞ்சுது.

கொறைன்னா, மேடம்கிட்ட போன்ல பேசவே முடியாது, குமாஸ்தா அண்ணன்தான் எடுப்பாரு, வாய்தா தேதி சொல்வாரு, அதுக்கு மேல கேட்டா "நேர்ல வாங்க"ம்பாரு. பீஸுக்கு ரசீது கேட்டு கேட்டுதான் வாங்கணும். அஞ்சுக்கு நாலு ஸ்டார்.

இப்ப பணத்த வசூல் பண்ண இ.பி. (தீர்ப்ப நிறைவேத்தச் சொல்லி கேக்கற மனு) போட்டிருக்கு. அதுக்கு 12 வருஷம் டைம் இருக்கு, இவங்க டிக்ரி நகல் கைக்கு வந்த வாரமே போட்டாங்க, கட்டு அட்டைல வழக்கம்போல செவப்பு மைல கடைசி தேதி எழுதியிருக்கு.