கடைசி மூன்று ஆட்டம்: பாஸ்டனா, டாம்பா பேயா?

2011 செப்டம்பர் இறுதி, அமெரிக்க பேஸ்பாலின் அமெரிக்கன் லீக். மிச்சமிருந்தது ஒரே ஒரு வைல்டு கார்டு இடம் (பிரிவை வெல்லாத அணிகளில் சிறந்ததற்குக் கிடைக்கும் பிளே-ஆஃப் வாய்ப்பு). அட்டவணைப்படி பாஸ்டன் ரெட் சாக்ஸுக்கே சாதகம்: ஒரு வெற்றி முன்னிலை, எதிரே பிரிவின் கடைசியில் கிடந்த பால்டிமோர். டாம்பா பே ரேஸ் அணிக்கோ எதிரே நியூயார்க் யாங்கீஸ். ஆனால் யாங்கீஸ் பிரிவை ஏற்கெனவே வென்றாயிற்று. ஜெயித்தாலும் தோற்றாலும் ஒன்றுதான். கடைசி இரவு, ஆட்டத்தை முடித்து வைக்கும் தங்கள் நட்சத்திரப் பந்துவீச்சாளர் மரியானோ ரிவேராவை இறக்கவே இல்லை. என்னைக் கேட்டால், ரேஸுக்குச் சொந்த மைதானத்தில் அப்படியொரு எதிரிதான் லாபம். பால்டிமோருக்கோ பெரிய அணியைக் கவிழ்க்கும் ருசி (அதுவும் பாஸ்டனை!).

செப்டம்பர் 28: பாஸ்டன் 3-4 தோல்வி. சில நிமிடங்களில், 0-7 பின்தங்கிப் பிறகு சமன் செய்திருந்த ரேஸுக்கு 12-வது இன்னிங்ஸில் லோங்கோரியா அடித்த பந்து இடப்பக்கத் தாழ்ந்த சுவரை மயிரிழையில் தாண்டி ஹோம் ரன் ஆனது. 8-7. இடம் ரேஸுக்கே.