20° முக்கோணம்: சைன் விதியா, ஒரே ஒரு கோடா?

எட்வர்ட் லாங்லி 1922இல் 'மேத்தமேட்டிகல் கெசட்' இதழில் கேட்ட கணக்கு இது. ஏபிசி இருசமபக்க முக்கோணம். உச்சி ஏ 20°, அடிக்கோணங்கள் 80°. சி-யிலிருந்து ஏசி-யோடு 30° சாய்த்த கோடு ஏபி-யை எஃப்-இல் வெட்டுகிறது. பி-யிலிருந்து ஏபி-யோடு 20° சாய்த்த கோடு ஏசி-யை ஈ-யில் வெட்டுகிறது. கோணம் பிஈஎஃப் 30° என்று நிறுவ வேண்டும்.

180°-இலிருந்து கழித்துக் கழித்துப் பார்ப்பதுதான் எல்லோருக்கும் முதலில் தோன்றும். இரு கோடுகளும் வெட்டும் இடத்தில் 70° கிடைக்கும்; அதனால் தெரியாத இரு கோணங்களின் கூடுதல் 110°. எந்த முக்கோணத்தை எடுத்தாலும் அதே 110°தான் திரும்பத் திரும்ப வரும். இந்த வழியை இங்கேயே விட்டுவிடலாம்.

சைன் விதி (முக்கோணத்தின் எந்தப் பக்கத்தையும் அதன் எதிர்க்கோணத்தின் சைனால் வகுத்தால் ஒரே எண் வரும் என்பது) பிடிவாதமானது, கைவிடாது. பிசி-யை 1 என்று வைப்போம். பிசிஎஃப்-இல் கோணங்கள் 80°, 50°, 50°. ஆகவே பிஎஃப்-உம் 1. பிசிஈ-யில் 60°, 80°, 40°; ஆகவே பிஈ = சைன் 80° ÷ சைன் 40° = 2 காஸ் 40°. தேடும் கோணத்தை 'க' என்றால், பிஈஎஃப் முக்கோணத்தில் எஃப்-இல் 160° − க; அதன் சைனும் சைன்(க+20°)-உம் ஒன்றே. ஆகவே சைன்(க+20°) ÷ சைன் க = 2 காஸ் 40°. க = 30° என்று போட்டால் சரியாகப் பொருந்தும். க கூடக்கூட இடப்பக்கம் குறைந்துகொண்டே போகும், அதனால் வேறு விடை கிடையாது. இந்தக் கடைசி வரியைப் பலர் எழுதாமல் விடுகிறார்கள். அது இல்லாமல் நிரூபணம் முடியவில்லை.

ஜேம்ஸ் மெர்சர் 1923இல் காட்டிய வழியில் சைனே இல்லை. பி-யிலிருந்து பிசி-யோடு 20° சாய்த்து ஒரு கோடு போட்டார். அது ஏசி-யை ஜி-யில் தொடுகிறது. பிசிஜி-யில் 20°, 80°, 80°; ஆகவே பிஜி = பிசி. பிஎஃப்-உம் அதே நீளம். இடையில் உள்ள கோணம் 60°. அப்படியானால் பிஜிஎஃப் சமபக்க முக்கோணம்! பிஜிஈ-யிலோ பி-யிலும் ஈ-யிலும் 40°, எனவே ஜிஈ = ஜிபி = ஜிஎஃப். கோணம் எஃப்ஜிஈ 180° − 80° − 60° = 40°; ஜிஈஎஃப் 70°. அதில் 40° போக 30°.

எனக்குப் பிடித்தது மெர்சரின் வழிதான். 30° ஏன் வருகிறது என்பது அதில்தான் கண்ணுக்குத் தெரிகிறது. ஆனால் அந்தக் கோட்டை நானாகப் போட்டிருப்பேனா என்றால், மாட்டேன். தேர்வு அறையில் நேரம் ஓடும்போது சைன் விதியையே எடுக்கச் சொல்வேன்.

பி-யில் உள்ள 20°-ஐ 21° ஆக்கிப் பாருங்கள். ஜிஈ = ஜிபி என்பது உடைந்துபோகிறது, மெர்சரின் கோடு அதற்குமேல் உதவாது. சைன் விதி அப்போதும் விடை தரும்: சுமார் 32.3°.