மரத்துக் கனியா, மண்ணின் கனியா?

யூத மரபில் பழம் உண்ணும் முன் சொல்லும் ஆசி இரண்டு வகை: 'போரே பெரி ஹாஎட்ஸ்' (மரத்தின் கனியைப் படைப்பவர்), 'போரே பெரி ஹாஅதாமா' (நிலத்தின் கனியைப் படைப்பவர்). ஆப்பிள், மாதுளை, அத்திக்கு முதலாவது. வெள்ளரி, கேரட்டுக்கு இரண்டாவது.

சிக்கல் வாழைப்பழத்தில்தான். நமக்கு அது வாழைமரம். அவர்கள் கணக்கில் மரமல்ல. குலை தள்ளியதும் தண்டு பட்டுப்போய்ப் பக்கக்கன்றுதான் மறுபடி காய்க்கிறது. நிலைத்து நிற்கும் தண்டே மரத்துக்கு அடையாளம். ஆகவே வாழைக்கும் அன்னாசிக்கும் மண்ணின் ஆசி. பப்பாளியில் ரபிகளிடையே (யூத மத அறிஞர்களிடையே) இன்னும் கருத்து வேறுபாடு உண்டு.

தவறினால் விளைவு சமமல்ல. ஆப்பிளுக்கு 'நிலத்தின் கனி' என்று சொன்னாலும் கடமை நிறைவேறும் என்கிறது யூதச் சட்டத் தொகுப்பான மிஷ்னா (பெராகோத் 6:2), மரமும் மண்ணில்தானே வேரூன்றுகிறது. வெள்ளரிக்கு 'மரத்தின் கனி' என்றால் செல்லாது. சந்தேகம் வந்தால் மண்ணின் ஆசியே பாதுகாப்பு.

திராட்சை தனி ரகம். பழமாகத் தின்றால் மரத்தின் ஆசி. சாறாகவோ மதுவாகவோ குடித்தால் 'பெரி ஹாகாஃபென்', கொடியின் கனி.

இந்தப் பிரிவு ஆசியோடு நிற்பதில்லை. நட்ட முதல் 3 ஆண்டுக் கனியை உண்ணக்கூடாது என்ற விவிலியத்தின் லேவியராகமம் 19:23 மரங்களுக்கு மட்டுமே. காய்கறித் தோட்டத்துக்கு அந்தத் தடை கிடையாது. உண்ட பின்பும் வேறுபாடு உண்டு: உபாகமம் 8:8 சொல்லும் திராட்சை, அத்தி, மாதுளை, ஒலிவம், பேரீச்சை ஐந்துக்கும், ஒலிவப்பழ அளவாவது தின்றிருந்தால், தனிப் பின்னாசி. ஆப்பிளுக்கும் வெள்ளரிக்கும் பொதுவான சுருக்க ஆசியே போதும்.