ஈயம் என்று எழுதி ஈம் என்று வாசிக்கிற ஊரில் ஆறு வருஷம்

போன வாரம் நாட்டிங்ஹாமிலிருந்து ஒரு நண்பன் கூப்பிட்டான். எங்கள் வீட்டுக்குப் பின்சந்தில் ஒரு வீடு வாடகைக்கு வந்திருக்கிறதாம், இரண்டு மாதமாக ஆள் கிடைக்காமல் 75 பவுண்டு குறைத்திருக்கிறார்களாம். “நீதான் ஆறு வருஷமா அங்க இருக்கியே, ஊர் எப்படி? வசதியெல்லாம் உண்டா? ஐந்துக்கு எத்தனை மதிப்பெண் போடுவே? குடும்பத்தோட வரலாமா?” என்றான். தாராளமாக வா என்று சொல்ல வாயெடுத்தேன். அந்த நேரம் பார்த்து முன்ஜன்னல் கண்ணாடியில் ஒரு மூக்கு வந்து ஒட்டியது. அதற்கு இரண்டு பக்கமும் உள்ளங்கை, வெளிச்சத்தை மறைக்க. நான் கைலியில், மடியில் உப்புமாத் தட்டோடு உட்கார்ந்திருந்தேன். அப்புறம் பேசுகிறேன் என்று போனை வைத்துவிட்டேன். அவனுக்குச் சொல்லாமல் விட்ட பதில்தான் இது.

ஊரின் பெயரை (Eyam) ஆங்கிலத்தில் எழுத்துக்கூட்டிப் படித்தால் ‘ஈயம்’ என்று வரும். ஊர்க்காரர்கள் சொல்வது ‘ஈம்’. முதன்முதலாக விலாசம் சொன்னபோது அம்மா, “ஈயச்சொம்பு பண்ற ஊரா?” என்று கேட்டாள். கும்பகோணத்துக்காரி, ரசம்தான் முதலில் ஞாபகம் வரும். சொம்பு வெள்ளீயம் அம்மா, இங்கே தோண்டினது காரீயம், அதில் ரசம் வைத்துக் குடித்தால் நேராக மேலே போக வேண்டியதுதான் என்றேன். வேடிக்கைக்குச் சொல்லவில்லை, நிஜமாகவே இது ஈயச் சுரங்க ஊர். இங்கிலாந்தின் டெர்பிஷயர் மலைகளில் ரோமானியர் காலத்திலிருந்து காரீயம் எடுத்திருக்கிறார்கள். இந்தப் பக்கத்துப் பழைய சுரங்க வழக்கப்படி கல்லறை, வீட்டுத் தோட்டம், பழத்தோட்டம், பொதுப்பாதை இவற்றை விட்டுவிட்டு, நிலம் யாருடையதானாலும் ஈயம் தேடி எவரும் குழி தோண்டலாம். பெயர் வந்தது என்னவோ தீவு என்று பொருள்படும் பழைய ஆங்கிலச் சொல்லிலிருந்து. ஈயத்துக்கும் அதற்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. ஆனால் ‘ஈம்’ என்று சொல்லும்போதெல்லாம் எனக்கு ஈமச்சடங்கு என்ற வார்த்தை வந்து நிற்கும். அதுவும் இந்த ஊருக்குப் பொருந்தித் தொலைக்கிறது.

இந்த ஊரின் பிளேக் கதை இங்கே எல்லோருக்கும் தெரிந்ததுதான். 1665-இல் லண்டனிலிருந்து நோயோடு வந்த துணி மூட்டை, அதைப் பிரித்து உலர்த்திய தையற்காரர் ஜார்ஜ் விக்கர்ஸ் செப்டம்பர் 7-ஆம் தேதி சாவு, அதன் பிறகு ஒவ்வொரு வீடாக. அடுத்த வருஷம் பாதிரியார் வில்லியம் மாம்பெசன் சொல்லி நோய் வெளியே பரவாமல் ஊரே எல்லை கட்டிக்கொண்டு உள்ளே இருந்தது. 14 மாதத்தில் 260 பேர் சாவு. இப்போது அந்த வீடுகளின் முன்னால் பச்சைப் பலகை நட்டு, யார் யார் எந்தத் தேதியில் செத்தார்கள் என்று எழுதி வைத்திருக்கிறார்கள். ஜனங்கள் காரை நிறுத்திவிட்டு ஒவ்வொரு பலகையாகப் படித்துக்கொண்டே வருவார்கள். என் ஆறு வருஷத் தலைவலி அங்கேதான் ஆரம்பிக்கிறது.

எங்கள் வீட்டுக்குப் பலகை கிடையாது. பிளேக் ஓய்ந்து நூற்றைம்பது வருஷம் கழித்துக் கட்டிய வீடு. பட்டு நெய்தவரோ செருப்புத் தைத்தவரோ இருந்திருப்பார். அந்த இரண்டு தொழிலும் ஊரில் நடந்தது. ஆனால் பழைய கல், தாழ்ந்த வாசல், தெருவை ஒட்டிய சின்ன ஜன்னல். பார்ப்பதற்குச் சாவு விழுந்த வீடு மாதிரியே இருக்கிறது. எனவே வருகிறவர்கள் முதலில் பலகையைத் தேடுவார்கள். இல்லையென்றதும் ஜன்னல் வழியாக உள்ளே பார்ப்பார்கள். வாசலில் நான் நின்றால் கேள்வி. “இங்கே எத்தனை பேர்?” யாரும் இல்லை என்பேன். கல்யாண வீட்டில் பாயசம் தீர்ந்துவிட்டது என்று கேட்ட மாதிரி முகம் விழும். ஒரு அம்மாள் என்னை ஆறுதல்படுத்துகிற குரலில், “பரவாயில்லை, வீடு அழகாகத்தான் இருக்கிறது” என்று சொல்லிவிட்டுப் போனார்.

முதல் வருஷம் பொறுமையாக விளக்கினேன். இரண்டாம் வருஷம் மனைவி வலைத்திரை வாங்கி மாட்டினாள். திரைக்கும் ஜன்னல் திண்டுக்கும் நடுவே நாலு விரல் இடைவெளி விழுந்துவிட்டது. குனிந்து அதன் வழியாகப் பார்க்கிறார்கள். பள்ளிக்கூடப் பிள்ளைகள் இன்னொரு ரகம். பஸ் பஸ்ஸாக வருவார்கள், கையில் அட்டை, அட்டையில் கேள்வித்தாள். ஒருநாள் வாசலில் ஷூ மாட்டிக்கொண்டிருந்தேன். ஏழெட்டு வயதுப் பையன் ஒருவன் என்னைக் கைகாட்டி டீச்சரிடம் கேட்டான்: “இவர் பிழைச்சவரா, மிஸ்?”

சரி, நியாயமாகவும் பேச வேண்டும். அந்தப் பிள்ளைகள் சும்மா வருவதில்லை. 1666 ஜூனில் மாம்பெசனும், அவருக்கு முன்பு அங்கே ஊழியம் பார்த்து மதக் கொள்கைக்காக நீக்கப்பட்ட தாமஸ் ஸ்டான்லியும் பழைய மனஸ்தாபத்தை ஒதுக்கி வைத்துச் சேர்ந்து எடுத்த முடிவுகளை வரிசையாகச் சொல்லும் பிள்ளைகள் உண்டு. அவரவர் வீட்டுச் சாவை அவரவரே புதைத்துக்கொள்வது, பிரார்த்தனையைக் கோவிலுக்குள் நடத்தாமல் கக்லெட் டெல்ஃப் என்ற பள்ளத்தாக்கில் வெட்டவெளியில் நடத்துவது, எல்லையைத் தாண்டாமல் இருப்பது. ஊருக்குக் கிழக்கே ஒரு வயலில் ஹான்காக் குடும்பத்துக் கல்லறைகள் இருக்கின்றன. எலிசபெத் ஹான்காக் 1666 ஆகஸ்டில் எட்டே நாளில் கணவனையும் ஆறு பிள்ளைகளையும் தன் கையாலேயே புதைத்தார். அங்கே போய்விட்டு வரும் பிள்ளைகள் திரும்பும்போது சத்தம் போடுவதில்லை. என் ஜன்னலையும் எட்டிப் பார்ப்பதில்லை.

பெரியவர்களோடுதான் எனக்கு வம்பு. “350 பேரில் 83 பேர்தான் மிஞ்சினார்கள்” என்று ஒப்பிப்பார்கள். வீட்டுக்கு எத்தனை அடுப்பு என்று எண்ணிப் போட்ட அன்றைய அடுப்புவரிக் கணக்கை வைத்துப் பார்த்தால் மக்கள்தொகை 700 பக்கம் இருந்திருக்கும், அப்படியென்றால் பாதிக்கு மேல் பிழைத்திருக்கிறார்கள் என்பேன். மாம்பெசன் ஊரை அடைப்பதற்கு முன்பே தன் இரண்டு பிள்ளைகளையும் யார்க்‌ஷயருக்கு அனுப்பிவிட்டார் என்பேன். கூடவே இருந்த மனைவி கேத்தரின் பிளேக்கில்தான் போனார், கல்லறை கோவில் முற்றத்திலேயே இருக்கிறது, அதையும் சொல்வேன். கதை கேட்க வந்தவரிடம் கணக்கு நோட்டை நீட்டினால் யாருக்குப் பிடிக்கும்? போகட்டும் என்று விடவும் எனக்கு வராது. வீட்டு வாடகை கட்டுகிறேன், சம்பளமில்லாத வழிகாட்டி வேலையும் பார்க்கிறேன்.

வசதிகளைப் பற்றி நண்பன் குறிப்பாகக் கேட்டான், சொல்லிவிடுகிறேன். தொடக்கப்பள்ளி உண்டு, டாக்டர் உண்டு, கடை உண்டு, பப் உண்டு. அருங்காட்சியகம் 1994-இல் பழைய மெதடிஸ்ட் சபைக் கட்டடத்தில் திறந்தது. எதிரே காசு கொடுக்கிற கார் நிறுத்தம், அதை ஒட்டியே இலவச நிறுத்தம். முதலாவதில் காசு போட்டுவிட்டு இரண்டாவதைப் பார்த்து வயிறெரிகிறவர்களைப் பார்ப்பது எங்களுக்கு ஞாயிற்றுக்கிழமைப் பொழுதுபோக்கு. ரயிலுக்கு கிரிண்டில்ஃபோர்டு போக வேண்டும், நடந்தால் ஒரு மணி நேரத்துக்கு மேல். ஷெஃபீல்டு பஸ் ஊர் வழியாகப் போகிறது, சாயங்காலத்துக்கு மேல் அதை நம்பி எதுவும் திட்டம் போடாதே. கறிவேப்பிலைக்கு ஷெஃபீல்டுதான். மாதம் ஒருமுறை போய் மொத்தமாக வாங்கி ஃப்ரீசரில் போட்டுவிடுவோம்.

எதிர்பார்க்காமல் கிடைத்தவை இரண்டு. ஒன்று தண்ணீர்த் தொட்டிகள். தெருவோரம் அங்கங்கே பாசி பிடித்த கல்தொட்டி கிடக்கும். வந்த புதிதில் மாட்டுத் தொட்டி என்று நினைத்தேன். 1588-இல் மேட்டு ஊற்றுகளிலிருந்து குழாய் போட்டுத் தெருத்தெருவாகத் தண்ணீர் கொண்டுவந்திருக்கிறார்கள்; இங்கிலாந்துக் கிராமங்களில் முதலில் பொதுக் குடிநீர் வந்தவற்றில் இதுவும் ஒன்று என்கிறார்கள். 1588-இல் தண்ணீர் வந்த ஊரில் என் படுக்கையறைக்கு இன்னும் போன் சிக்னல் வந்தபாடில்லை.

இன்னொன்று ஆகஸ்ட் கடைசியில் நடக்கும் கிணற்று அலங்காரம், கிணற்றடியில் பூவால் செய்த படம் வைப்பது. பெரிய மரப்பலகையில் உப்புக் கலந்த ஈரக் களிமண்ணைப் பூசி, காகிதத்தில் வரைந்த படத்தை அதன்மேல் விரித்துக் குண்டூசியால் குத்திக் குத்திக் கோடு இறக்குவார்கள். கோட்டின்மேல் காப்பிக்கொட்டை, விதை, ஆல்டர் மரத்துக் காய் என்று பதித்துக்கொண்டே போவார்கள். அப்புறம் பூவிதழ். இதழைக் கீழிருந்து மேலாக, ஓடு வேய்கிற மாதிரி ஒன்றன்மேல் ஒன்று ஏற்றி அடுக்க வேண்டும். அப்போதுதான் மழை பெய்தால் தண்ணீர் தங்காமல் வழிந்து ஓடும். என் மனைவி மூன்றாம் வருஷம் சும்மா வேடிக்கை பார்க்கப் போனாள். மார்கழிக் கோலம் போட்ட கை, அரைமணி நேரத்தில் ஹைட்ரேஞ்சா இதழ்களை வைத்து ஒரு தேவதையின் பாவாடையை முடித்துவிட்டாள். இப்போது ஆகஸ்டில் அவளை வீட்டில் பிடிக்க முடியாது. அந்தக் களிமண் வாசனையும், பாட்டிமார்கள் அடிக்கிற ஊர்வம்பும், இரவு பத்து மணிக்குச் சுற்றிவரும் டீயும் எந்த வாடகை விளம்பரத்திலும் வராது.

2020-ஐச் சொல்லாமல் விட முடியாது. நாங்கள் குடிவந்து ஆறு மாதம்கூட ஆகவில்லை. மார்ச்சில் ஊரடங்கு வந்ததும் உலகத்துப் பத்திரிகையெல்லாம் இந்த ஊரைப் பற்றி எழுதின. இங்கே தெருவில் ஈ காக்காய் இல்லை. பக்கத்துக் கர்பர் எட்ஜ் மலையில் நடக்கப் போனவர்களை டெர்பிஷயர் போலீஸ் ட்ரோனில் படம்பிடித்துப் போட்டது அப்போதுதான். தினமும் சாயங்காலம் ஸ்டோனி மிடில்டன் பக்கம் இறங்கும் பாதையில் எல்லைக் கல் வரைக்கும் நடப்போம். அதில் ஆறு குழி. அந்தக் காலத்தில் நோய் ஒட்டாமலிருக்கக் குழியில் வினிகர் ஊற்றிக் காசைப் போட்டுவிட்டு வருவார்கள், வெளியூர்க்காரர்கள் எடுத்துக்கொண்டு சாமான் வைத்துவிட்டுப் போவார்கள். குழியின் விளிம்பு ஆட்டுக்கல் மாதிரி வழவழவென்று இருக்கும். ஏப்ரலில் ஒருநாள் ஒரு குழியில் மழைத்தண்ணீரும் அடியில் இரண்டு பென்னியும் கிடந்தன. மறுநாள் எங்கள் வாசலில் ஒரு ரொட்டியும் சின்னப் பொட்டலம் ஈஸ்டும் இருந்தன, கடையில் ஈஸ்டே கிடைக்காத வாரத்தில். பக்கத்து வீட்டுக் கிழவர் வைத்தது. காசு கொடுக்கப் போனேன், வினிகரில் போட்டுக் கொண்டு வா என்றார்.

இப்போது ஜன்னல். குளிர்காலத்தில் சட்டம் இற்றுப்போய்க் காற்று உள்ளே வந்தது. பாதுகாக்கப்பட்ட கட்டடம், இரட்டைக் கண்ணாடி வேண்டுமென்றால் தனி அனுமதி வாங்க வேண்டும் என்று வீட்டுக்காரர் நான்கு மாதம் இழுத்தார். கடைசியில் பழைய மாதிரியே பழுது பார்ப்பது என்று முடிவானது. தச்சர் வந்து சட்டத்தைக் கழற்றிக்கொண்டு போனார். இரண்டு நாள் ஓட்டையில் பலகை அடித்திருந்தது. எந்த மூக்கும் இல்லாத இரண்டு நாள். பகலிலேயே விளக்குப் போட்டுக்கொண்டு ராஜா மாதிரி சாப்பிட்டேன். இரண்டாம் நாள் மத்தியானம் வெளியே ஒரு பெண் குரல்: “இந்த வீட்டை மூடி ஆணி அடித்திருக்கிறார்கள் பார், இங்கேதான் ஆரம்பித்திருக்கும்.” கூட நாலைந்து பேர் ‘அடடா’ என்றார்கள். போட்டோ எடுக்கிற சத்தம் கேட்டது. வாயில் சோற்றோடு கத்த வேண்டியதாகிவிட்டது.

ஆக நண்பா, மதிப்பெண் கேட்டாயே. ஜன்னல் திரும்ப வந்து மாட்டின அன்றைக்குக் கேட்டிருந்தால் ஐந்துக்கு நாலரை கொடுத்திருப்பேன். இன்றைக்கு இரண்டு. நல்ல காற்று, நல்ல பள்ளிக்கூடம், கஷ்டகாலத்தில் ரொட்டி கொண்டுவந்து வைக்கிற மனிதர்கள். இருந்தும் சொல்கிறேன், வராதே. 75 பவுண்டு குறைத்திருக்கிறார்கள் என்றால் அந்த வீட்டுக்கும் தெருப்பக்கம் ஜன்னல் இருக்கிறது. என்னைக் கேட்டால் நாட்டிங்ஹாமிலேயே இரு, சனிக்கிழமை வந்து சாப்பிட்டுவிட்டுப் போ.

மனைவி இதைப் படித்துவிட்டுச் சிரிக்கிறாள். அடுத்த இரண்டு வருஷத்துக்கான வாடகைக் காகிதத்தில் நான் செவ்வாய்க்கிழமையே கையெழுத்துப் போட்டதை ஏன் எழுதவில்லை என்கிறாள். எழுதலாம். அதற்குள் வெளியே யாரோ கண்ணாடியைத் தட்டுகிறார்கள். கழிப்பறை எங்கே என்று கேட்பார்கள், இல்லையென்றால் எத்தனை பேர் என்று.