32 சேனல் இ.இ.ஜி. தொப்பி: ரிப்பேர் முடிந்து வந்ததும் ஒரு புலம்பல்

வேறொரு கல்லூரியில் உளவியல் சொல்லிக்கொடுக்கும் தோழி போன வாரம் கேட்டாள்: "ஃபண்டு வந்திருக்குடி, உங்க லேப்ல இருக்கிற மாதிரி இ.இ.ஜி. வாங்கலாமா?" தலையில் தொப்பியாக மாட்டி மூளையின் மின்னலைகளைப் பதிவு செய்யும் கருவி அது. எத்தனை சேனல், சாம்ப்ளிங் ரேட் எவ்வளவு, அலையைப் பெருக்கிக் கொடுக்கும் ஆம்ப்ளிஃபயர் எது என்பதெல்லாம் அவளிடம் உள்ள கொட்டேஷனிலேயே இருக்கிறது. அவளுக்குத் தெரிய வேண்டியது வாங்கலாமா, கூடாதா என்பதுதான். வாட்ஸாப்பில் பதில் அடிக்கத் தொடங்கினேன், நீண்டுகொண்டே போனது. வாங்க நினைக்கும் மற்றவர்களுக்கும் ஆகட்டும் என்று இங்கே எழுதுகிறேன். எங்கள் தொப்பி இப்போதுதான் ரிப்பேர் முடிந்து வந்திருக்கிறது. அந்தக் கடுப்பும் இதில் கொஞ்சம் கலந்திருக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

இந்தக் கருவியோடு எனக்குள்ள முதல் தகராறு, இரண்டாவது தகராறு, மூன்றாவது தகராறு எல்லாமே தலைமுடிதான்.

மூளையின் மேலடுக்கில் ஏராளமான நியூரான்கள் ஒரே சமயத்தில் சேர்ந்து இயங்கும்போதுதான் வெளியிலிருந்து அளக்கக்கூடிய மின்னழுத்தம் உண்டாகிறது. மண்டையோட்டைத் தாண்டித் தோலுக்கு வரும்போது மிஞ்சுவது 10 முதல் 100 மைக்ரோவோல்ட் வரைதான். மார்பில் எடுக்கும் ஈ.சி.ஜி.யில் கிடைப்பது ஒரு மில்லிவோல்ட் அளவு. அதோடு ஒப்பிட்டால் இது ஒன்றுமே இல்லை. இதைப் பிடிக்கத் தொப்பியில் உள்ள எலெக்ட்ரோடு என்ற சின்ன உலோக வில்லைக்கும் தோலுக்கும் நடுவே உப்புச் சேர்த்த ஜெல் வேண்டும். அது தோலைத் தொட வேண்டும், முடியைத் தொட்டால் போதாது. அதனால் முனை மழுங்கிய ஊசி மாட்டிய சிரிஞ்சை ஒவ்வொரு எலெக்ட்ரோடின் துளைக்குள்ளும் விட்டு, முடியை அப்படியும் இப்படியும் ஒதுக்கி, தோலை லேசாக உரசி, ஜெல்லைப் பிதுக்குகிறோம். தோலோடு தொடர்பு சரியாகி, திரையில் சிவப்பு வட்டம் பச்சையாகும்வரை இதே வேலை. சேனலுக்கு ஒன்றாக இப்படி 32 வட்டம். கிராப் வெட்டிய பையன் என்றால் அரை மணி நேரத்தில் முடிந்துவிடும். எண்ணெய் வைத்துப் பின்னிய நீளமுடி என்றால் ஒரு மணி நேரம் போன பிறகும் பின்மண்டையில் நாலைந்து சிவப்பு அப்படியே நின்று முறைக்கும்.

தேங்காய் எண்ணெய் மின்சாரத்தைக் கடத்தாது. ஜெல்லில் பெரும்பகுதி தண்ணீர், எண்ணெயோடு ஒட்டாது. "ஷாம்பு போட்டுத் தலைக்குக் குளித்து, எண்ணெய், கண்டிஷனர் எதுவும் இல்லாமல் வரவும்" என்று முந்தின நாளே செய்தி அனுப்புகிறோம். "சரிங்க அக்கா" என்று பதிலும் வருகிறது. மறுநாள் வாசலிலேயே வாசனை வந்துவிடும். கேட்டால், "கொஞ்சமாதான்க்கா வச்சேன், பரட்டைத் தலையா வெளியே போகாதேன்னு அம்மா திட்டுனாங்க." அந்த அம்மாவோடு எந்த அறிவியலும் வாதாட முடியாது. வெள்ளிக்கிழமை எண்ணெய் தேய்த்துக் குளிக்கும் வீட்டுப் பெண்களுக்கு அன்றைக்கும் மறுநாளும் நேரம் கொடுப்பதை நிறுத்திவிட்டேன். சீயக்காய் எண்ணெயை முழுசாக எடுப்பதில்லை. தலைக்கு அது நல்ல குணம், எனக்குத்தான் வேண்டாத குணம்.

ஜெல்லைத் தாராளமாக விட்டால் தீராதா என்று புதிதாக வரும் மாணவர்கள் எல்லோரும் கேட்பார்கள். விட்டால் பக்கத்து எலெக்ட்ரோடு வரை வழிந்து இரண்டும் ஒன்றாகிவிடும். அப்புறம் இரண்டு சேனலும் ஒரே அலையைக் காட்டும். திரையில் எல்லாம் பச்சை, தரவு மட்டும் குப்பை.

உலகம் முழுவதும் எலெக்ட்ரோடு வைக்கும் இடங்களை 1958இல் ஹெர்பர்ட் ஜாஸ்பர் வகுத்த 10-20 முறைதான் முடிவு செய்கிறது. மூக்குத்தண்டின் மேல்பள்ளத்திலிருந்து பின்மண்டை மேடு வரை அளந்து, 10, 20 சதவீதமாகப் பிரிப்பது. இடப்பக்கம் ஒற்றை எண், வலப்பக்கம் இரட்டை எண். அழகான முறை, அதைக் குறை சொல்ல மாட்டேன். ஆனால் அந்த முறைப்படி தைத்த எங்கள் தொப்பி பின்மண்டையில் கொண்டையோ தடித்த பின்னலோ இருக்கும் என்று நினைத்துப் பார்த்ததே இல்லை. ஓ1, ஓ2 என்ற பார்வைப் பகுதி எலெக்ட்ரோடுகள் சரியாகப் பின்னல் ஆரம்பிக்கும் இடத்தில் வந்து அந்தரத்தில் தொங்கும். பின்னலைப் பிரித்து, பூவை எடுத்து, கிளிப்பையெல்லாம் கழற்றி, முடியை இரண்டாக வகிர்ந்து முன்னே போட்டால்தான் தொப்பி உட்காரும்.

இது வெறும் சிரமம் என்றால் புலம்பிவிட்டு விட்டுவிடலாம். இதனால் யாரை அளக்கிறோம் என்பதே மாறிப்போகிறது. நேரம் குறைவாக இருக்கும்போது ஆய்வு மாணவர்கள் தெரிந்தோ தெரியாமலோ ஹாஸ்டல் பையன்களையே அழைக்கிறார்கள். முடிவில் 'மனித மூளை' என்று நாங்கள் எழுதுவது கிராப்புத் தலை மூளையாக இருக்கிறது. இது நம் ஊர்ப் பிரச்சினை மட்டும் இல்லை. அமெரிக்காவில் ஆப்பிரிக்க வம்சாவளியினரின் சுருள்முடியில் எலெக்ட்ரோடு சரியாக உட்காராமல் அவர்கள் ஆய்வுகளிலிருந்து விடுபட்டுப் போகிறார்கள் என்ற பேச்சு வந்து, கார்னகி மெலன் பல்கலைக்கழகத்தில் தலையை ஒட்டிப் போடும் வரிசைப் பின்னல்களுக்கு நடுவே கவ்விக்கொள்ளும் எலெக்ட்ரோடை உருவாக்கினார்கள். நம் பின்னலுக்கு யாராவது அப்படி ஒன்று செய்தால் முதல் ஆர்டர் என்னுடையது.

அடுத்தது 50 ஹெர்ட்ஸ். நம் கரண்டு 50 ஹெர்ட்ஸ் என்பதால் ஃபேன், டியூப் லைட், லிஃப்ட் எல்லாம் தரவில் ரீங்காரமாக வந்து உட்காரும். சுவரில் மூன்று துளை பிளக் இருப்பதைப் பார்த்து எர்த் இருக்கிறது என்று நம்பாதீர்கள். அந்த மூன்றாவது துளைக்குப் பின்னால் கம்பியே இல்லாத கட்டடங்கள் ஏராளம், எலெக்ட்ரீஷியனை வைத்துச் சோதித்துவிடுங்கள். ஃபேனை அணைத்தால் ரீங்காரம் குறையும், மே மாதத்தில் வியர்வை ஆரம்பிக்கும், வியர்த்தால் அலை முழுக்க மெதுவாக மேலும் கீழும் மிதக்கும். ஏ.சி. இல்லாத அறைக்கு இந்தக் கருவியே வேண்டாம்.

சரி, இவ்வளவு திட்டிவிட்டு இன்னும் ஏன் வைத்திருக்கிறேன்?

கண்ணை மூடச் சொல்லும் அந்த நேரத்துக்காக. எல்லாம் பச்சையான பிறகு முதல் சோதனை அதுதான். கண் திறந்திருக்கும்வரை அலை ஒழுங்கில்லாமல் கிறுக்கிக்கொண்டிருக்கும். "கண்ணை மூடிக்கோங்க" என்றதும் ஓரிரு நொடியில் பின்மண்டைச் சேனல்களில் நொடிக்குப் பத்து முறை ஏறி இறங்கும் ஆல்ஃபா அலை சீராகப் பொங்கி வரும். திறந்தால் மறுபடி அடங்கிவிடும். ஜெர்மனியின் யேனா நகரில் ஹான்ஸ் பெர்கர் என்ற மனநல மருத்துவர் 1924இல் மனித மூளையின் மின்னலைகளை முதன்முதலாகப் பதிவு செய்தார். ஐந்து வருடம் தயங்கி 1929இல்தான் வெளியிட்டார். பலர் நம்பவில்லை. ஏற்கெனவே நோபல் பரிசு பெற்றிருந்த ஏட்ரியன் என்ற விஞ்ஞானி 1934இல் கேம்பிரிட்ஜில் மேத்யூஸ் என்பவரோடு சேர்ந்து இதே கண் மூடும் சோதனையைச் செய்து காட்டிய பிறகுதான் உலகம் திரும்பிப் பார்த்தது. ஏட்ரியன் தன் தலையிலேயே எடுத்தார், அவருக்கு ஆல்ஃபா அருமையாக வந்தது. மேத்யூஸுக்கு அவ்வளவாக வரவில்லை. எங்கள் லேபிலும் அப்படித்தான், சிலருக்குத் திரை நிரம்பி வழியும், சிலருக்குத் தேடத்தான் வேண்டும். அதனால் யாரும் கெட்டிக்காரர் ஆவதும் இல்லை, மக்கு ஆவதும் இல்லை. கண்ணை மூடியிருப்பவருக்குத் தன் அலை தெரியாதே, அதனால் பதிவைத் திருப்பி ஓட்டிக் காட்டுவேன். எண்ணெய் வைத்துக்கொண்டு வந்து என்னிடம் திட்டு வாங்கிய பெண்கள்கூட "அய்யோ, இது என் மூளையாக்கா?" என்று கேட்டுப் போட்டோ எடுத்துக்கொண்டு போவார்கள். எரிச்சல் என்னவென்றால், இந்த ஆல்ஃபா நன்றாகத் தெரியும் இடம் அந்தப் பாழாய்ப்போன ஓ1, ஓ2தான்.

இன்னொரு சுகம் என்400, பொருந்தாத சொல்லைப் படித்ததும் மூளை காட்டும் அலை. "பாட்டி வாசலில் கோலம் போட்டாள்" என்று படிப்பவருக்கு ஒன்றும் ஆகாது. "பாட்டி வாசலில் கோலம் குடித்தாள்" என்றால் கடைசிச் சொல் வந்து சுமார் 400 மில்லிநொடியில் அலை எதிர்மறைப் பக்கம் சாயும். கூட்டாஸ், ஹில்யார்டு என்ற ஆய்வாளர்கள் 1980இல் ஆங்கில வாக்கியங்களில் கண்டது. ஒரே ஒரு வாக்கியத்தில் இது கண்ணுக்குத் தெரியாது, இரைச்சல் மூடிவிடும். பல வாக்கியங்களின் அலைகளை அடுக்கிச் சராசரி எடுக்க வேண்டும், இரைச்சலைப் பாதியாக்க நாலு மடங்கு வாக்கியம் வேண்டும். அந்தச் சராசரிக் கோடு கடைசியில் பிரிந்து கீழே இறங்கும்போது கிடைக்கும் சந்தோஷத்தை எழுதிக் காட்ட எனக்கு வராது. எம்.ஆர்.ஐ. ஸ்கேனால் இந்த மில்லிநொடிக் கணக்கைத் தொட முடியாது. ரத்த ஓட்டம் மாறுவதைப் பார்ப்பதற்குள் அதற்குச் சில நொடிகள் போய்விடும். மூளையில் 'எங்கே' என்று கேட்டால் மட்டும் இ.இ.ஜி. மழுப்பும். வெளியில் அளந்ததை வைத்து உள்ளே மூலம் எது என்று ஒரே விடையாகச் சொல்ல முடியாது என்பதை ஹெல்ம்ஹோல்ட்ஸ் என்ற ஜெர்மன் விஞ்ஞானி 1853லேயே காட்டிவிட்டார்.

"மனசுல நினைக்கிறது தெரியுமா, ஷாக் அடிக்குமா?" என்று எல்லோரும் கேட்பார்கள். இரண்டுக்கும் இல்லை. தொப்பி உள்ளே எதையும் அனுப்புவதில்லை. குற்றவாளியைக் கண்டுபிடிக்க 'பிரெயின் மேப்பிங்' என்று இதே அலைகளைப் பயன்படுத்திப் பார்த்தார்கள். ஒருவரின் சம்மதம் இல்லாமல் செய்யக்கூடாது என்று 2010இல் செல்வி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. சிலரிடம் அதையும் சொல்ல வேண்டியிருக்கிறது.

இப்போது ரிப்பேர் கதை. தொப்பியிலிருந்து ஆம்ப்ளிஃபயருக்குப் போகும் பட்டைக் கேபிளில், உறைக்குள்ளேயே ஒரு கம்பி விட்டுவிட்டது. கழுவும்போது ஒவ்வொரு முறையும் அந்த இடம் மடங்கும், மடங்கும் இடத்தில்தான் போயிற்று. விற்றவர்கள் முழுத் தொப்பியையும் வெளிநாட்டுக்கு அனுப்பச் சொன்னார்கள். சுங்கத் தாள்கள், கூரியர், அப்புறம் மாதக்கணக்கில் மௌனம். வந்த பில், புதுத் தொப்பியின் விலையில் ஏறக்குறைய பாதி. ஒரு கம்பிக்கு! சாலிடரிங் தெரிந்த யாரும் தேநீர் ஆறுவதற்குள் முடித்திருப்பார்கள், ஆனால் உள்ளூரில் பிரித்தால் வாரண்டி போய்விடுமாம்.

ஜெல்லே வேண்டாத உலர் எலெக்ட்ரோடு ஹெட்செட் வாங்கலாமா என்றும் தோழி கேட்டாள். நெற்றியில் அது அருமை, மாட்டியதும் வேலை செய்யும். நெற்றியில் கிடைப்பதில் பாதி கண் சிமிட்டலும் புருவத் தசையும். பின்மண்டைக்குப் போனால் சீப்புப் பல் மாதிரி ஊசிகள் முடிக்குள் நுழைந்து அழுத்த வேண்டும், சிறிது நேரத்தில் வலிக்கத் தொடங்கிவிடும். உப்புநீரில் நனைத்த பஞ்சு வலைகளும் உண்டு. அந்தத் தண்ணீரில் பேபி ஷாம்பு கலப்பார்கள், எண்ணெயை ஓரளவு வெட்டும். ஆனால் பரிசோதனை நீண்டால் காய்ந்துவிடும்.

மூளை வேலை செய்யும் வேகத்திலேயே அதைப் பார்க்க, ஒரு கல்லூரி லேபுக்குக் கட்டுப்படியாகும் விலையில் இதைவிட நல்ல வழி கிடையாது. ஆம்ப்ளிஃபயர் ஒரு நாள்கூடக் காலை வாரியதில்லை. இ.இ.ஜி.லேப், எம்.என்.இ. மாதிரி அலசும் மென்பொருள்களும் நல்லவை, இரண்டும் இலவசம். இத்தனையும் உண்மை. ஆனால் தோழி, இன்றைக்குக் கேட்டால் உன்னிடம் வாங்காதே என்றுதான் சொல்வேன். அந்தப் பில்லைக் கையெழுத்துக்கு அனுப்பிவிட்டு இதை எழுதுகிறேன். அடுத்த மாதம் கேட்டால் பதில் மாறலாம், ஆனால் உன் நிதி மார்ச்சுக்குள் செலவாக வேண்டும் என்கிறாய்.

என் பேச்சைக் கேட்காமல் வாங்கத்தான் போகிறாய் என்று தெரியும். அப்படியானால் 64 சேனல் என்று ஆசைப்படாதே, 32 போதும், மிச்சக் காசுக்குக் கொட்டேஷனிலேயே இரண்டாவது தொப்பியைச் சேர்க்கச் சொல். லேபுக்குப் பக்கத்தில் வெந்நீர்க் குழாயோடு ஒரு வாஷ்பேசின் கேள். ஜெல் காய்ந்தால் பொடுகு மாதிரி உதிரும், அதோடு எந்தப் பெண்ணும் வகுப்புக்குப் போக மாட்டாள். ஷாம்பு பாக்கெட்டும் ஹேர் டிரையரும் உன் சொந்தக் காசில்தான். அவற்றை ஆராய்ச்சிக் கருவி என்று எங்கள் ஆடிட்டர் இன்றுவரை ஒத்துக்கொள்ளவில்லை.